சாளரத்தை இடம் மாற்றிய மகளுக்கு

பிரிக்பீல்ட்ஸ்,
கோலாலம்பூர்.

அன்பிற்குரிய மகள் ராஜினிக்கு,

கந்தசுவாமியின் கருணையால் நானும் உன் அப்பாவும் இங்கே நலமாக இருக்கிறோம். பாரிசின் குளிரிலும் நீ தடிமன், காய்ச்சல் ஏதுமின்றி நலமாக இருப்பாய் என்ற நம்பிக்கையோடு இதை எழுதத் தொடங்குகிறேன். கைப்பேசியில் இரண்டு வரி தட்டிவிட்டால் போதாதா என்று நீ கேட்பாய். போதாது. சில செய்திகளுக்கு முழு வாக்கியங்கள் வேண்டும், முழு வாக்கியங்களுக்குத் தாள் வேண்டும் என்பது, ஆறாம் வகுப்போடு பள்ளியை விட்டு மற்ற அனைத்தையும் நாளிதழிலும் அகராதியிலும் கற்றுக்கொண்ட உன் தாயின் அசைக்க முடியாத கருத்து.

நீ கேட்ட கேள்வியை நான் மறக்கவில்லை. இத்தனை ஆண்டுகளாக நீ உதவியாளராக இருந்துவரும் கலை இயக்குநர் மதாம் ஒடில், அடுத்து எடுக்கவிருக்கும் திரைப்படத்தின் அரங்க அமைப்பு முழுவதையும் உன் பெயருக்கே கொடுத்துவிடும்படி தயாரிப்பாளரிடம் சொல்லிவிட்டார் என்றும், மாத இறுதிக்குள் நீ கையொப்பமிட வேண்டும் என்றும், அப்பா மனம் ஒப்பாமல் கையொப்பமிட மாட்டாய் என்றும் எழுதியிருந்தாய். இங்கேயோ உன் திருச்செல்வம் மாமா தம்முடைய பெட்டாலிங் ஜெயா கட்டட வரைவு அலுவலகத்தில் உனக்கென்று ஒரு பணியிடத்தை ஒதுக்கி வைத்துக்கொண்டு, “அத்தான், பிள்ளை வாறாளோ இல்லையோ, ஒரு முடிவு சொல்லுங்கோ” என்று வாரந்தோறும் அழைத்துக்கொண்டிருந்தார். கட்டடக் கலை படித்த பெண் ஒட்டுப்பலகையில் வீடு கட்டிக்கொண்டிருப்பது அப்பாவுக்குப் பிடிபடவே இல்லை. “ஒரு மாசம் பாடுபட்டுக் கட்டுறது, படம் எடுத்து முடிஞ்சதும் உடைச்சுப் போடுறது, இது என்ன வேலை” என்று அவர் கேட்கும்போதெல்லாம், நாம் குடியிருந்த இரயில்வே குவார்ட்டர்சைக் கல்லால் கட்டியும் உடைத்துத்தானே போட்டார்கள் என்ற பதில் என் நாக்கு நுனி வரை வரும். சொன்னதில்லை. கோயிலில் எவரேனும் உன்னை விசாரித்தால் “மகள் பிரான்சில ஆர்க்கிடெக்ட்” என்று சொல்லிவிட்டு உடனே செருப்பைத் தேடத் தொடங்கிவிடுவார், அது காலடியிலேயே கிடந்தாலும்.

இந்த நிலையில்தான், அந்தப் படத்தின் கதை நடக்கும் வீடாக அதே குவார்ட்டர்சைப் பாரிசில் அரங்காக எழுப்புவதற்குப் பழைய பொருள்கள் வாங்க மதாம் ஒடில் கிள்ளானுக்கு வந்தார், சனிக்கிழமை மாலை நம் வீட்டுக்கும் வருவதாகச் சொல்லி அனுப்பினார். உலகம் போற்றும் ஒரு கலைஞரை வரவேற்கும் முறை என்று ஒன்று உண்டல்லவா. எதிர் வீட்டு இந்திராவிடம் புதிய சோபாவை இரவல் கேட்டேன். “எடுத்துக்கங்க அக்கா, பிளாஸ்டிக்க மட்டும் கிழிச்சிராதீங்க, மகளுக்கு வாங்கினது” என்று நல்ல மனத்தோடு கொடுத்தாள். அப்பாவின் பிரம்பு நாற்காலியைச் சமையலறைக்குப் பின்னால் துணி காயும் இடத்துக்கு நாடு கடத்தினேன். நாற்காலி போன இடத்துக்கே அப்பாவும் இடுப்பில் கட்டிய சாரத்தோடும் நாளிதழோடும் போய்விட்டார். “அந்த சோபாவில இருந்தா பலூன் மாதிரிச் சத்தம் போடுது, நான் இங்கேயே இருக்கிறன்” என்றார். நான் ஆங்கிலத்தில் ஒரு சிறு வரவேற்புரை ஆற்றினேன். மதாம் கிள்ளானில் வாங்கிய எனாமல் தட்டுகளை மடியில் வைத்துக்கொண்டு பொறுமையாகக் கேட்டார், இடியப்பமும் சொதியும் இரண்டாம் முறை கேட்டு வாங்கி உண்டார், ஆனால் நான் காட்டிய கண்ணாடி அலமாரியையோ திரைச்சீலையையோ கண்ணெடுத்தும் பார்க்கவில்லை. பிறகு கை கழுவ உள்ளே போனவர் திரும்பி வரவேயில்லை. போய்ப் பார்த்தால், ஈரத் துணிகளுக்கு நடுவே அந்த அம்மையார் தரையில் குந்தியிருந்து, அப்பாவின் விரல் தட்டித் தட்டி வழவழப்பான நாற்காலிக் கையைத் தடவிப் பார்த்துக்கொண்டிருக்கிறார். அப்பாவோ எழவும் முடியாமல் இருக்கவும் முடியாமல் அடையாள அட்டைக்குப் படம் எடுக்கப்படுபவரைப் போல நிமிர்ந்து உட்கார்ந்திருக்கிறார். இந்த நாற்காலி அரங்குக்கு வேண்டும் என்று மதாம் கேட்டார். தர இயலாது என்று அப்பா ஒரே சொல்லில் முடித்துவிட்டார்.

தேநீரை அங்கேயே கொண்டுபோய்க் கொடுத்தேன். மதாம் தம் கதையைச் சொன்னார். ரொட்டி சுடுபவரின் மகளாம். பத்தொன்பது வயதில் படப்பிடிப்புக் கூடத்தில் பலகை மீது செங்கல் கோடு வரையும் வேலைக்குச் சேர்ந்திருக்கிறார், பிறகு பொருள் வாங்கும் வேலை, பிறகு வேறொருவருக்கு உதவி, தலை நரைக்கத் தொடங்கிய பின்னரே திரையில் அவர் பெயர் தனியாக வந்திருக்கிறது. ஒருமுறை அவர் தந்தை அரங்கைப் பார்க்க வந்து, அரண்மனைச் சுவர் உறுதிதானா என்று கையை மடக்கிக் குத்த, முழங்கை வரை உள்ளே போய்விட்டதாம். அன்று முதல் கடைக்கு வருபவரிடமெல்லாம், என் மகள் அரண்மனை கட்டுகிறாள், சாய்ந்து மட்டும் நிற்காதீர்கள் என்று சொல்வாராம். உன் அப்பா சிரித்தார், ராஜினி. தேநீர் சாரத்தில் சிந்தும்படி சிரித்தார்.

அந்தச் சிரிப்பு அடங்கும் முன் மதாம் பையிலிருந்து உன் வரைபடத்தை எடுத்து விரித்தார். அப்பா மூக்குக் கண்ணாடியை மாட்டிக்கொண்டு, கணக்குத் தணிக்கை செய்பவரைப் போலப் பார்த்தார். தம் நாற்காலியும் அதில் இருப்பதைக் கண்டார். பிறகு விரலை வைத்து, இது பிழை, சாளரம் நாற்காலிக்குப் பின்னால் இருந்தது, எதிரில் அல்ல, பிறந்து வளர்ந்த வீட்டையே என் மகள் மறந்துவிட்டாள் என்று ஆங்கிலத்தில் சொன்னார். மதாம் தலையை ஆட்டினார். மறக்கவில்லை, வீட்டின் பழைய புகைப்படங்களைப் பார்த்து நானும் இதையேதான் சொன்னேன், ஒரு பகல் முழுதும் என்னோடு வழக்காடினாள் என்றார். வேலை முடிந்து வந்து அமரும் தகப்பனுக்குப் பின்னால் சாளரம் இருந்தால் முகம் இருட்டில் கிடக்கும், நான் வளர்ந்த காலமெல்லாம் அப்படித்தான் பார்த்தேன், இந்தப் படத்திலாவது அந்த முகத்தில் வெளிச்சம் விழ வேண்டும் என்றாயாமே. நீ இதை என்னிடம்கூடச் சொன்னதில்லை. அப்பா கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார், மாட்டினார், மறுபடியும் கழற்றினார். கடைசியில் என்னைப் பார்த்து, “தேத்தண்ணி ஆறிப் போச்சு, வேற போடும்” என்றார். அவ்வளவுதான்.

திங்கட்கிழமை காலையில் அப்பா தாமாகவே மாமாவை அழைத்தார். “திருச்செல்வம், அந்த இடத்துக்கு வேற ஆளைப் போடும். அவளுக்கு அங்க வேலை இருக்கு” என்றார். பிறகு மதாமுக்கு நாற்காலியைத் தருவதாகச் செய்தி அனுப்பச் சொன்னார். நான் மெருகு பூசி அனுப்ப விரும்பினேன். தூசியைக்கூடத் தொடக்கூடாது என்று மதாம் தடுத்துவிட்டார். கால்களை மட்டும் ஈரத் துணியால் துடைத்தேன், அவரிடம் சொல்லிவிடாதே. துறைமுகத்துக்குக் கொண்டுபோக வந்த லோரிக்காரப் பையன், “அங்கிள், இந்த ரோத்தான் நாற்காலிக்கு இவ்ளோ பெரிய பெட்டியா லா, புதுசே வாங்கிரலாம்” என்று சிரித்தான். “நீ பார்த்துத் தூக்கு தம்பி, அது வேலைக்குப் போகுது” என்று அப்பா அவனோடு படி இறங்கி, லோரியில் ஏற்றிக் கயிறு கட்டும் வரை நின்றார். இப்போது பிளாஸ்டிக் நாற்காலியில்தான் நாளிதழ் படிக்கிறார். அதையும் சாளரத்துக்கு எதிரே திருப்பிப் போட்டிருக்கிறார், வெயில் கண்ணில் அடிக்கிறது என்று முணுமுணுத்தாலும் நகர்த்துவதில்லை.

நீ சாயம் தெளிக்கும்போது முகக்கவசம் அணிய வேண்டும். ஏணியில் காலுறையோடு ஏறலாகாது. இரவில் ரொட்டியும் பாலாடைக் கட்டியும் உணவாகா, வாரத்தில் சில நாளாவது சோறு ஆக்கு. இந்திராவின் சோபா உறையில் சிறு கிழிசல் ஒன்று விழுந்துவிட்டது, அவள் காணும் முன் அவளுக்குக் கொடுக்க ஒரு நல்ல மேசை விரிப்பு அனுப்பி வைத்தால் உதவியாக இருக்கும். கையொப்பமிடும்போது ராஜினி சண்முகரத்தினம் என்று முழுமையாக எழுது, தாளில் இடம் போதாவிட்டால் எழுத்தைச் சிறிதாக்கு, பெயரைச் சிறிதாக்காதே.

வெள்ளிக்கிழமை கோயிலில் கார்த்திகேசு மாஸ்டர் உன்னை விசாரித்தார். அப்பா செருப்பைத் தேடவில்லை. “படத்துக்கு வீடு கட்டுறா மாஸ்டர், பெரிய வேலை. சாய்ஞ்சு மட்டும் நிக்காதேயுங்கோ” என்றார்.

எல்லா நலங்களும் பெற்று, எடுத்த பணி நிறைவேறி, உன் பெயர் திரையில் தனித்து நிற்கக் கந்தசுவாமி துணை நிற்பானாக. என் கடிதங்களில் ஒரு வரியும் சொல்லாத உன் அப்பா, இம்முறை பக்கத்தில் நின்று ஒரு வரியைச் சொல்லி எழுதச் சொன்னார். அவர் சொன்னபடியே எழுதுகிறேன்: “ஜன்னல் அவள் வைச்ச இடத்திலேயே இருக்கட்டும்.”

என்றும் உன் நலம் நாடும் தாய்,
சிவமலர் சண்முகரத்தினம்