எந்தக் கண் என்று நீ சொன்னாய்

அன்புள்ள அம்மாவுக்கு,

நான் சௌக்கியம். உன் முழங்கால் தேவலையா?

பயப்பட ஒன்றுமில்லை, ஆபீஸில் சின்னதாகத் திட்டு வாங்கினேன். டாக்டர் குறிப்பைப் படித்து நோய்க்கு எண் போடுவதுதானே என் வேலை? கண் வறட்சி என்றால் வலதா, இடதா என்பதற்கும் தனி எண் உண்டு. அவசரத்தில் கடைசி வரிவரை படிக்காமல், நாற்பது பேருக்கு ‘எந்தக் கண் என்று குறிப்பில்லை’ என்ற எண்ணையே போட்டுவிட்டேன்.

“எழுதித்தான் இருக்கு. நீதான் படிக்கல,” என்றார் மேலாளர், எல்லார் முன்னாலும். முகத்தை எங்கே வைத்துக்கொள்வதென்று தெரியவில்லை.

என் பழைய போர்வையை அனுப்பு; துவைக்க வேண்டாம்.

போன வாரம் போனில் கண் உறுத்துகிறது என்றாய். எந்தக் கண் என்றும் சொன்னாய். நான் சும்மா ‘ம்’ கொட்டிக்கொண்டிருந்தேன். இடைவேளை முடிகிறது. இன்னொரு தடவை சொல்லம்மா.

உன் மகள்