பானட்டில் ஒரு பள்ளம்

ஜூலை 8, செவ்வாய்

காலையிலிருந்து தூறல். போலீஸ் ஸ்டேஷனுக்குப் போய் எங்கள் ஜீப்பைப் பார்த்தேன். பின் டயரில் காற்று இல்லை. சீட்டுக்கடியில் யாருடையதோ பீடிக்கட்டு. பானட்டில் அந்தப் பள்ளம், ஆள் தலையளவு. பார்க்காமல் இருக்க முடியவில்லை.

போன மாதம் கொண்டை ஊசி வளைவில் தம்பி சேகர் ஓட்டிவந்தான். எதிரே பைக்கில் பெருமாள். மோதியதில் பானட் மேல் வந்து விழுந்தான், அங்கேயே உயிர் போய்விட்டது. பக்கத்து ஊர்ப் பையன். சந்தைக்கு எங்கள் வண்டியில்தான் வருவான். முன் சீட்டுக்கு அடம் பிடிப்பான்.

போலீஸ் வருவதற்குள் நான் ஓடிப்போய் மஞ்சள் தண்ணீர் ஊற்றிக் கழுவிவிட்டேன். செத்தவர் ரத்தம் இரும்பில் காயக் கூடாது, எங்கள் பக்கத்து வழக்கம். அவனுக்குச் செய்யும் மரியாதை என்றுதான் நினைத்தேன்.

ஜூலை 10, வியாழன்

போளூர். வண்டியை விடச்சொல்லி மனுப் போட வக்கீல் ஆபீஸ். ஃபேன் ஓடவில்லை, அவர் வாய்தான் ஓடியது.

"யாரும்மா உங்கள கழுவச் சொன்னது? தடயத்த அழிச்சிட்டாங்கன்னு அரசு வக்கீல் புடிச்சிக்குவாரு."

"ரத்தத்தோட வுட்டா பாவம் சார்."

"அத மனுவுல நான் எப்பிடி எழுதறது?"

ஆர்.சி. என் பேரில். அதுவும் இன்சூரன்ஸும் நகல் கொடுத்தாயிற்று. வண்டி வராவிட்டால் எங்கள் வீட்டில் அடுப்பு எரியாது. ஊரில் பலாப்பழம் மரத்தடியிலேயே அழுகிறது. நேற்று மாசமான பெண் ஒருத்தியைக் கட்டிலில் வைத்துத் தூக்கிக்கொண்டு மலையிலிருந்து இறங்கினார்கள்.

ஜூலை 15, செவ்வாய்

கோர்ட்டில் வண்டியை விட்டுவிட்டார்கள். சந்தோஷப்பட வெட்கம். நிபந்தனைகள், மறக்காமல் இருக்க:

விற்கக் கூடாது, பேர் மாற்றக் கூடாது.
பெயிண்ட் அடிக்கக் கூடாது.
கூப்பிட்டால் வண்டியோடு வந்து நிற்க வேண்டும்.
பானட் பள்ளம் கேஸ் முடியும்வரை அப்படியே இருக்க வேண்டும். கழுவினவள் என்பதால் இதைத் தனியாகச் சேர்த்தார்களாம்.

ஜாமீன் கையெழுத்து: சின்ன மாமனாரும் ஒடுகத்தூர் பலா வியாபாரி பாயும். "பள்ளத்துல சுத்தி பட்டுச்சின்னா அவங்க ரெண்டு பேரும்தான் மாட்டுவாங்க," என்றார் வக்கீல். சேகர் லைசென்ஸ் கோர்ட்டில். இனி நான்தான் ஓட்ட வேண்டும்.

குழந்தைக்கு இருமல் மருந்து வாங்க மறந்துபோனேன்.

ஜூலை 18, வெள்ளி

முதல் சவாரி. பெருமாள் ஊர் வழியாகத்தான் பாதை. அவன் அம்மா குப்பம்மா நடுரோட்டில் நின்றாள். திட்டுவாள் என்று கண்ணாடியை ஏற்றிக்கொண்டேன். அசிங்கம். பிறகு இறங்கினேன்.

"மல்லிகா, அந்தக் குழிய தட்டி நெரவுடும்மா. எம்புள்ள அதுலியே படுத்துனு கீறான்."

"தொடக் கூடாதுன்னு கோர்ட்ல சொல்லிட்டாங்க அத்தே."

"எத்தினி நாளிக்கி?"

"கேஸு முடியற வரிக்கும்."

பள்ளத்தைக் காட்டினாள். "அன்னிக்கி கழுவனியே, யாரக் கேட்டு கழுவன?"

வண்டியில் ஏறிக்கொண்டேன். வண்டிக்குள் இருந்தவர்கள் தலையைக் குனிந்துகொண்டார்கள்.

ஜூலை 21, திங்கள்

எங்கள் பக்கத்தில் உயிர் போன இடத்தில் காரியம்வரை சோறு வைப்பார்கள். காரியம் முடிந்தும் குப்பம்மா நிறுத்தவில்லை. இத்தனை நாள் வளைவில் வைத்தாள். வண்டி வந்த பிறகு பானட்டில். காலையில் எங்கள் வாசலில் நிற்கிறாள், பள்ளத்துக்குள் ஒரு கை சாமைச் சோறு. காக்கை தின்றபின்தான் போகிறாள்.

"பஸ்ஸு போய்டும்க்கா, எடுங்க," என்கிறார்கள் சவாரிக்கு வந்தவர்கள். எப்படி எடுப்பது?

நல்ல சுத்தியல் வீட்டிலேயே இருக்கிறது. பாய் முகம் நினைவுக்கு வருகிறது. கோபம் யார் மேல் என்றுகூடத் தெரியவில்லை.

ஜூலை 24, வியாழன்

விடியும்போதே பெருமழை. இன்று வரமாட்டாள் என்று நினைத்தேன். வந்தாள், முந்தானைக்குள் சோற்றுக் கிண்ணம். பள்ளம் நிறையத் தண்ணீர். உள்ளங்கையால் அள்ளி அள்ளிக் கொட்டினாள். மறுபடியும் நிறைந்தது.

"தொடத்தான கூடாது? மூடலாமில்ல? நனையறான்."

தார்ப்பாய் என் கையிலேயே இருந்தது. இந்தத் தடவை கேட்டுவிட்டே செய்வோம் என்று வக்கீலுக்குப் போன் போட்டேன். எடுக்கவில்லை. இன்னொரு தடவை போட்டேன். அவள் என் முகத்தையே பார்த்துக்கொண்டு மழையில் நின்றாள்.