செடிக்குக் கட்டிய கயிறு

அன்புள்ள ஆத்தாவுக்கு,

வணக்கம். நான் நலம். உன் முழங்கால் வலி எப்படி இருக்கிறது? அப்பச்சி சர்க்கரை மாத்திரையை ஒழுங்காகப் போடுகிறார்களா? போனில் சொன்னால் பாதியிலேயே கத்துவாய் என்றுதான் இதை எழுதுகிறேன்.

எனக்குச் சீக்கிரம் கல்யாணம் கூடி வர வேண்டும் என்று நீ அனுப்பிய மஞ்சள் கயிற்றை நான் கையில் கட்டவில்லை. இங்கே மலேசியாவில், பகாவ் பக்கத்து எஸ்டேட்டில், எண்ணெய் எடுக்கும் செம்பனை மரங்களுக்கு அப்பால் உள்ள சதுப்பில், நான் ஆராயும் குடுவைச் செடிக்குக் கட்டினேன். பூச்சியைப் பிடித்துத் தின்னும் அபூர்வச் செடி. இங்கே பதினொன்றுதான் மிச்சம். அடையாள நாடா தீர்ந்துவிட்டது, என்ன செய்வது?

வெள்ளிக்கிழமை போய்ப் பார்த்தால் செடியைச் சுற்றிக் குங்குமம், கற்பூரம், கல்யாண வேண்டுதலுக்கு ஏழெட்டுக் கயிறுகள். எஸ்டேட் ஆட்களை வேலை வாங்கும் மண்டோர் திருச்செல்வத்தின் மனைவி குமுதவல்லி குடுவைக்குள் பால் ஊற்றிக்கொண்டிருந்தார்.

"அக்கா, இது பூச்சி தின்னுற செடி" என்றேன்.

"அசைவ சாமியா? அப்பக் கோழி அறுக்கணும் லா!" என்றார்.

பதறிப்போனேன். ஆனால் திங்கட்கிழமை அங்கே களைக்கொல்லி அடிக்க இருந்தார்கள். நான் மூன்று முறை மனு கொடுத்தும் அசையாத மேனேஜரிடம், "சாமி இருக்கிற எடத்துல மருந்து அடிக்க மாட்டோம் லா, பாஸ்" என்று திருச்செல்வம் ஒரே பேச்சில் முடித்துவிட்டார். பதினொன்றும் பிழைத்தன. அங்கே கயிறு கட்டிய எஸ்டேட் பெண்களில் ஒருத்தியான மாதவிக்குச் சிரம்பானில் மாப்பிள்ளையும் அமைந்துவிட்டார்.

மனகோலம் அனுப்பு. அரைக் கிலோ போதும், தின்ன நான் ஒருத்திதானே. ஜீப் வந்துவிட்டது. மறக்காமல் இன்னொரு மஞ்சள் கயிறும் வை. இந்த முறை செடிக்கு இல்லை.

உன் மகள்,
உமையாள்