இரண்டு விரலுக்குக் கீழே

4ஆம் தேதி, செவ்வாய்

கிண்ணத்தில் மூன்று விரல். தண்ணீருக்கு மேலே உள்ளங்கையைப் பிடித்தால், எனக்குள் காயம் ஆற்றும் ஊற்று எவ்வளவு மிச்சமோ அத்தனை விரல் உயரத்துக்குத் தண்ணீர் எழும்பும். நான்கு விரல் இருந்தால் ஒரு நாள் முழுக்கக் காயங்களை ஆற்றலாம். பிறகு மூன்று நாள் தனியறையில் சும்மா உட்கார்ந்தால்தான் மறுபடி ஊறும். சும்மா இருப்பதையே வேலையாகச் செய்பவள் என்று கடிகாரக்காரன் கேலி செய்கிறான். கட்டிக்கொண்டவனை அப்படித்தான் கூப்பிடுகிறேன். ஊர்க் கடிகாரத்தையெல்லாம் பழுது பார்ப்பான், தான் மட்டும் ஒரு இடத்துக்கும் நேரத்துக்குப் போகமாட்டான்.

6, வியாழன்

மருத்துவமனைச் சுவரில் பெரிதாக எழுதியிருக்கிறது: இரண்டு விரலுக்குக் கீழே வேலை செய்யாதே. வற்றிய உடம்பு பக்கத்தில் இருப்பதை உறிஞ்சிக்கொள்ளுமாம்.

இன்று மீறினேன். சந்தைக் கூரை சரிந்து பதினோரு பேர். கடைசியாக வந்தவள் ஒரு தையல்காரம்மா. கழுத்தில் அளவு டேப் அப்படியே தொங்கியது. "என்னை விட்டுடாதம்மா" என்றாள். எப்படி விடுவேன்? துளி மிச்சமில்லாமல் கொடுத்தேன். என் கையைப் பிடித்தபடியே உயிரை விட்டாள்.

7, வெள்ளி

கிண்ணத்தில் நான்கு விரல்!

"ஒரே நாள்லயா?" என்றார் மருத்துவமனையில் தினமும் கிண்ணத்தில் அளவு பார்ப்பவர். மறுபடி பிடிக்கச் சொன்னார். நான்குதான். வழக்கமாக ஏதாவது சொல்லிச் சிரிக்க வைப்பவர், சுவரில் எழுதியிருப்பதைத் திரும்பிப் பார்த்தார்.

10, திங்கள்

கடிகாரக்காரனின் சட்டைகளுக்கெல்லாம் பொத்தான் தைத்தேன். அவன் வாயைப் பிளந்தான். "தையல் டீச்சர் உன்னை வகுப்புக்கு வெளிய நிக்க வச்சாங்கன்னு நீதானே சொன்னே?" ஆமாம். எனக்கு ஊசியில் நூல் கோக்கவே தெரியாதே. பழகியவள் மாதிரி நூலைப் பல்லால் கடித்து அறுத்தேன்.

11, செவ்வாய்

அவன் எதிரில் உடை மாற்ற வெட்கமாக இருக்கிறது. பன்னிரண்டு வருஷத்துக்குப் பிறகு என்ன வெட்கம்?

13, வியாழன்

வேலைக்குத்தான் கிளம்பினேன். கால் வேறு தெருவில் போய் நின்றது. பார்த்திராத வீடு. கை தானாகப் பூந்தொட்டிக்கு அடியில் போய்ச் சாவியை எடுத்தது. உள்ளே தையல் மிஷின், அதில் பாதி தைத்த நீலச் சட்டை.

பக்கத்து வீட்டுக்காரி எட்டிப் பார்த்தாள். "யாரும்மா நீங்க? அந்தம்மா போயிட்டாங்களே."

"தெரியும். காலர் மட்டும்தான் பாக்கி."

நான் சொல்லலை. சத்தியமா நான் சொல்லலை, என் வாய் சொல்லிச்சு. பயமா இருக்கு. எனக்குள்ள இப்ப நான் எவ்வளவு இருக்கேன்?

14, வெள்ளி

அளவு பார்ப்பவரிடம் எல்லாவற்றையும் கொட்டிவிட்டேன். ஒரே வழிதான் உண்டாம். தனியறையில் பூட்டிக்கொண்டு எல்லாவற்றையும் தரையில் வடித்துவிட வேண்டும். பிறகு சொந்த ஊற்று ஊறும்வரை யாரும் கிட்டே வரக்கூடாது.

"உன்னுது, அந்தத் தையல்காரம்மாவுது ரெண்டும் கலந்து கிடக்கு. எது வடியும், எது அடியில தங்கும்னு என்னால சொல்ல முடியாதும்மா."

வேறு வழி? அறை வாசலில் நின்றபடி எழுதுகிறேன். கடிகாரக்காரன் பக்கத்தில் நிற்கிறான். "வெளிய வந்ததும் முதல் வேலையா என்னைத் திட்டணும். அது இல்லாம வீடு வீடா இருக்காது" என்கிறான். "நேரத்துக்கு வந்து சேர், அது போதும்" என்றேன். நோட்டை அவனிடம் கொடுத்துவிட்டுப் போகிறேன். அவனை மறந்துவிடக்கூடாது. வேறு எது போனாலும் பரவாயில்லை.

20, வியாழன்

கதவைத் திறந்தார்கள். கிண்ணத்தில் நான்கு விரல், மெல்ல ஊறியதுதான் என்றார்கள். உடம்பு லேசாக இருக்கிறது. பயமே இல்லை.

கூட்டிப்போக ஒருவர் வந்திருந்தார். சொன்ன நேரத்துக்கு ஒரு மணி முன்னாலேயே வந்துவிட்டாராம். என் முகத்தையே பார்த்துக்கொண்டு நின்றவர், "திட்டு" என்றார். எதற்குத் திட்டுவது? பார்த்தால் நல்ல மனிதராகத்தான் தெரிகிறார். தெருமுனையில் நான் வலப்பக்கம் திரும்பினேன். "வீடு இந்தப் பக்கம்" என்று மெதுவாகச் சொன்னார்.

இந்த நோட்டைக் கையில் கொடுத்துப் படிக்கச் சொன்னார். முழுக்கப் படித்தேன். சரியான வாயாடிப் பெண். பாவம், கடைசிவரை என் கையை விடவே இல்லை.

அவர் அடுத்த அறையில் அழுகிறார். அவருடைய சட்டைக் காலர் ரொம்ப நைந்துபோயிருக்கிறது. நாளைக்குப் பிரித்துத் திருப்பித் தைத்துக் கொடுக்க வேண்டும்.