சீதா கல்யாணத்து ஜோகெட் வரிசை

காஜா பெராங், மலாக்கா
9 மே 1943

அன்புள்ள தம்பிராஜாவுக்கு,

கலியாணசுந்தரம் எழுதுவது. இங்கே எல்லோரும் உயிரோடு இருக்கிறோம். இந்தக் காலத்தில் அதற்கு மேல் நலம் என்று எழுதினால் பொய். தபாலை நம்பாமல் இதை லாரிக்காரர் பொன்னுதுரையிடம் கொடுத்திருக்கிறேன். நாம் போய் வந்துகொண்டிருந்த தம்பின் ரயில் பாதையைத்தான் ஜப்பான்காரன் பெயர்த்துக்கொண்டு போகிறானே.

என் மகள் சீதாவுக்கு ஆவணியில் கல்யாணம். மாப்பிள்ளை தியாகு, இதே தெருப் பையன். விருந்துக்கு மரவள்ளிக் கிழங்கும் கருவாடும்தான். ஆனாலும் ஜோகெட் ஆட்டம் இல்லாமல் வரவேற்பு கிடையாது என்று என் வீட்டுக்காரி ஒற்றைக்காலில் நிற்கிறாள். அவள் சனங்களை உனக்குத் தெரியும். கும்பிடுவது மாரியம்மனை, பேசுவது மலாய், ஜோகெட் என்றால் உயிர். நீ பிடிலோடு வந்தே ஆக வேண்டும்.

யார் முந்தி ஆடுவது என்று போன வருஷம் ஒரு கல்யாணத்தில் இரண்டு மச்சான்மார் சட்டையைப் பிடித்துக்கொண்டார்கள். அதனால் எல்லாவற்றையும் எழுத்தில் வைத்துவிட்டேன். முதல் சுற்று பெரியவர்கள், அடுத்தது பெண்கள், மூன்றாவது இளவட்டங்கள் பதினாறு பேர். பெயருக்குப் பக்கத்தில் வயது. மூத்தவன் முன்னால், இளையவன் பின்னால். மாப்பிள்ளை மட்டும் வயது பாராமல் இளவட்டத்தில் முதல் ஆள். வயதோடு யார் சண்டைக்குப் போவார்கள்? நகல் இதோடு வைத்திருக்கிறேன், பார்த்துச் சொல்.

உன் பழைய சிநேகிதன்,
கலியாணசுந்தரம்

தம்பின்
17 மே 1943

அருமைக் கலியா,

சீதா கல்யாணம் என்றதும் மனம் குளிர்ந்தது. வெள்ளைக்காரன் ஓடிப்போய் ஒரு வருஷம் ஆகியும் உன் குமாஸ்தா புத்தி போகவில்லை, பார். கோடு போட்டு, எண் போட்டு, வயது போட்டு! பிடிலுக்கு ஒரு தந்தி அறுந்துபோய் டெலிபோன் கம்பியைப் பிரித்து மாட்டியிருக்கிறேன். அழுகிற மாதிரிதான் கேட்கும், பரவாயில்லையா?

ஒரு குறை. என் ஜெயபாலனைப் பதினாறாவதாகத் தள்ளியிருக்கிறாயே. ரொபானா மேளம் தட்டுகிறவன் என்று இளக்காரமா? அவனுக்குப் பத்தொன்பது முடிந்து, போன மார்கழியில் இருபது பிறந்தது. ஒழுங்காகப் பார்த்து ஏற்றிப் போடு.

இன்னொன்று, இது விளையாட்டில்லை. இங்கே தோட்டம் தோட்டமாக ஆள் பிடித்து சயாமுக்கு ரயில் பாதை போட அனுப்புகிறார்கள். போனவர்களிடமிருந்து ஒரு வரி வரவில்லை. மலாக்கா டவுனில் இன்னும் அந்தப் பயம் இல்லையாம். கல்யாணம் முடியும்வரை ஜெயபாலன் உன் வீட்டில் இருக்கட்டும். வேறு எவரிடமும் நான் அவனை ஒப்படைக்க மாட்டேன்.

உன்,
தம்பிராஜா

காஜா பெராங்
2 ஜூன் 1943

அன்புள்ள தம்பிராஜாவுக்கு,

உன் பிள்ளை பத்திரமாக வந்து சேர்ந்தான். வந்த அன்றே என் வீட்டுக்காரியிடம் மலாயில் வாயடித்து இரண்டாம் தடவை கிழங்கு வாங்கிவிட்டான். பிழைத்துக்கொள்வான். பிறந்த மாதம் வரை பார்த்ததில் பதினொன்றாவதாக வருகிறான். திருத்திவிட்டேன், உன் குறை தீர்ந்ததா?

கூட்டம் கூடுவதற்கு ஜப்பான்காரனிடம் அனுமதி வாங்க வேண்டுமாம். யார் யார் ஆடுகிறார்கள் என்று எழுதித் தரச் சொன்னார்கள். மற்றவர்கள் ‘சொந்தக்காரர் முப்பது பேர்’ என்று மொட்டையாக எழுதிக் கொடுத்துவிட்டு வருகிறார்கள். நான் நம் பட்டியலையே வயதோடு, வீட்டு நம்பரும் சேர்த்து, அழகாக நகல் எடுத்துக் கொடுத்தேன். அங்கிருந்த அதிகாரி அதை இரண்டு தடவை புரட்டிப் பார்த்துத் தலையாட்டினார். எனக்குக் கொஞ்சம் பெருமையாகத்தான் இருந்தது.

உன்,
கலியாணசுந்தரம்

தம்பின்
14 ஜூன் 1943

கலியா,

வயதையும் வீட்டு நம்பரையும் எதற்காகக் கொடுத்தாய்? இங்கே ஒரு தோட்டத்தில் இலவசப் படம் என்று கூப்பிட்டு, வந்தவர்களை அப்படியே லாரியில் ஏற்றினார்கள். நீ கொடுத்த காகிதத்தை வைத்துக்கொண்டு அவர்கள் என்ன வேண்டுமானாலும் செய்வார்கள். இதைக் கொண்டுவரும் பொன்னுதுரையோடு ஜெயபாலனை உடனே அனுப்பிவிடு. இங்கே காட்டிலாவது ஒளித்து வைக்கிறேன்.

தம்பிராஜா

காஜா பெராங்
21 ஜூன் 1943

தம்பிராஜாவுக்கு,

உன் கடிதம் வெள்ளிக்கிழமை வந்தது. அவர்கள் புதன்கிழமையே வந்துவிட்டார்கள்.

என் பட்டியல்தான் கையில் இருந்தது. இளவட்டச் சுற்றில் முதல் பத்துப் பேரைக் கேட்டார்கள். முதல் பெயர் தியாகு. என் மகளின் மாப்பிள்ளை, பத்திரிகை எழுதியாகிவிட்டது என்று கூட வந்த மொழிபெயர்ப்பாளர் காலில் விழுந்தேன். அவர் தமிழர்தான். சோல்ஜரிடம் ஏதோ பேசிவிட்டு, “பத்து பேருன்னு உத்தரவுங்க. இவர விட்டா கீழ உள்ள ஆள எடுத்துக்குவாங்க. சரிதானே?” என்று கேட்டார்.

நான் சரி என்றேன்.

பதினொன்றாவது யார் என்று அந்த நேரத்தில் நினைவில்லை என்று உனக்கு எழுதலாம். அந்தப் பட்டியலை நான்கு தடவை என் கையால் நகல் எடுத்தவன் நான். தெரியும் தம்பிராஜா. தெரிந்துதான் சொன்னேன்.

ஜெயபாலன் பின்கட்டில் ரொபானாவை வெயிலில் காயவைத்துக்கொண்டிருந்தான். அவனுக்கு நான் செய்தது தெரியாது. லாரியில் ஏறும்போது, “மூணு மாசந்தானாம் மாமா. அப்பா கிட்ட பதமா சொல்லுங்க” என்றான்.

சீதா என்னோடு பேசுவதில்லை. தியாகு வீட்டை விட்டு வெளியே வருவதில்லை. தண்ணீர்க் குழாய்க்குப் போக நான் அந்த மற்ற ஒன்பது வீடுகளையும் தாண்ட வேண்டியிருக்கிறது. என்னை நீ அடித்தாலும் சரி. ஒரு தடவை வா.

கலியாணசுந்தரம்

தம்பின்
5 ஜூலை 1943

திரு. கலியாணசுந்தரம் அவர்களுக்கு,

கடிதம் கிடைத்தது. மறுநாளே மலாக்காவுக்கு வந்தேன். வியாழக்கிழமையே அவர்களை வடக்கே அனுப்பிவிட்டதாகச் சொன்னார்கள். உங்கள் தெரு முனைவரை வந்து திரும்பிவிட்டேன்.

என் மகளும் என் மருமகனுமாக இருந்திருந்தால் நானும் சரி என்றுதான் சொல்லியிருப்பேன். பதினாறாவதாக இருந்தவனை மேலே ஏற்றச் சொன்னதும் நான்தான். இரண்டும் எனக்குத் தெரியும். இருந்தும் உங்கள் முகத்தைப் பார்க்க என்னால் ஆகவில்லை.

அவன் அம்மாவிடம் நான் ஒன்றும் சொல்லவில்லை. மகன் உங்கள் வீட்டில் இருக்கிறான் என்றே அவள் நினைத்துக்கொண்டிருக்கிறாள். உங்கள் கடிதம் வந்தால், அவனைப் பற்றி என்ன எழுதியிருக்கிறது, வாசியுங்கள் என்று பக்கத்தில் வந்து உட்காருவாள். ஆகையால் இனி எழுத வேண்டாம்.

எஸ். தம்பிராஜா