எதிர்வாதிக்காகச் சொன்ன சாட்சி

அண்ணா,

இன்று காலை மலையிலிருந்து புதுப்புளி வந்து இறங்கியது. மூட்டையைப் பிரித்ததும் எழுந்த வாசனையில், என்னையறியாமல் கடையின் பின்வாசலைத் திரும்பிப் பார்த்தேன். புளி வந்தால் அந்த வழியாகத்தான் வருவீர்கள். ஒரு சுளையைப் பிய்த்து வாயில் போட்டு, “பரவால்ல பாய், நார்தான் கொஞ்சம் ஜாஸ்தி” என்பீர்கள். கட்டடம் உங்களுடையது, வியாபாரம் என்னுடையது. கேஸ் நடந்தபோதும் நீங்கள் இப்படி வருவது நிற்கவில்லை.

உங்கள் மகன் பெங்களூர் வேலையை விட்டுவிட்டு வந்து, இந்த இடத்தில் டைல்ஸ் கடை வைக்கவேண்டும் என்றான். வெறும் நாலு சுவரை பென்னாகரம் முழுக்கத் தெரிந்த கடையாக்கியவன் நான். காலி செய்யமாட்டேன் என்றேன். நீங்கள் கேஸ் போட்டீர்கள்.

வாய்தாவுக்குத் தர்மபுரி போகும் பஸ்ஸில் ஒன்றாகத்தான் போனோம். ஒருநாள் உங்கள் வக்கீல் பார்த்துவிட்டுச் சத்தம் போட்டார். அடுத்த தடவை கோர்ட்டுக்கு முந்தின ஸ்டாப்பிலேயே என்னோடு இறங்கிக்கொண்டு, “நீங்க முன்னால போங்க பாய், நான் எதிரியாட்டம் பின்னால வர்றேன்” என்றீர்கள்.

நீங்கள் சாட்சிக் கூண்டில் ஏறிய அன்று, காலி செய்தால் எனக்கு என்ன கஷ்டம் என்று என் வக்கீல் உங்களிடம் கேட்டார். தெரியாது என்று சொல்லும்படி உங்களுக்குப் பாடம் எடுத்திருந்தார்கள். என் வியாபாரத்தைப் பற்றி ஒருவர் கேட்டால் உங்களால் வாயை மூடிக்கொண்டிருக்க முடியுமா?

“என்ன சார் இப்பிடிக் கேக்கறீங்க? மலைச்சனம் புளி எறக்கறதே அந்தக் கடையிலதானுங்க. எடம் மாறுனா அதுங்க வேற யாவாரிகிட்டப் போயிருமுங்க. பாய் பொழப்பே போச்சுங்க.”

“உங்கள் மகனுக்கு வேறு இடம் இல்லையா?”

“பஸ் ஸ்டாண்டு பக்கம் ஒண்ணு சும்மாத்தானுங்க கெடக்குது.”

உங்கள் வக்கீல் நெற்றியைப் பிடித்துக்கொண்டார். திரும்பி வரும்போது என்னிடம், “எதாச்சும் தப்பாச் சொல்லிட்டனுங்களா பாய்?” என்று கேட்டீர்கள். இல்லை அண்ணா என்றேன்.

தீர்ப்பு என் பக்கம் வந்தது. மகன் உங்களோடு பேசுவதை விட்டான். அப்பீலுக்குக் கையெழுத்து வாங்க மட்டும் பக்கத்தில் வந்தானாம். அது விசாரணைக்கு வருமுன் கண்ணை மூடிவிட்டீர்கள். இப்போது கேஸை அவன்தான் நடத்துகிறான்.

நான் தனியாகப் போய்வருகிறேன். பஸ்ஸில் பக்கத்தில் உட்காருகிறவர்கள் போனைப் பார்க்கிறார்கள். என்னிடம் புளி வாங்குகிறவர்கள் விலை பேசுகிறார்கள், விற்கிறவர்கள் விலை பேசுகிறார்கள். வாயில் போட்டுப் பார்த்து உள்ளதைச் சொல்ல யாரும் வருவதில்லை.

போன வாய்தாவில் என் வக்கீல் நீங்கள் சொன்னதை எடுத்து வாசித்தார். எனக்கு லாபமான வார்த்தைகள்தான். கடையை விடும் எண்ணம் எனக்கு இல்லை, உங்களிடம் மறைப்பானேன். ஆனாலும் உங்கள் பேச்சைப் பத்திரம் படிக்கிற மாதிரி அவர் படித்தபோது, எழுந்து வெளியே போய்விடலாம் போலிருந்தது.

முடிந்து வெளியே வந்தபோது வராந்தாவில் உங்கள் மகன் நின்றிருந்தான். கொஞ்சம் இளைத்திருக்கிறான். பக்கத்தில் போய், “உங்கப்பாவுக்குப் பொய் வராது தம்பி” என்றேன்.

அவன் என் முகத்தைப் பார்க்கவில்லை. “தெரியுமுங்க பாய். எனக்காக ஒண்ணே ஒண்ணு சொல்லியிருக்கலாமில்லீங்களா?”

எந்தச் சரக்குக்கும் பதில் விலை சொல்லிப் பழகியவன் நான். ஆனால் அவன் கேட்டது உங்களை. அந்தக் கேள்வியை உங்களிடம் கொண்டுவந்து சேர்க்க வழியில்லாமல் நான் வைத்திருக்கிறேன்.