மூன்று மென்பொருளுக்கு ஒரு கோப்பு

மார்ச் 3, திங்கள்

மேலாளர் காலையிலேயே என் மேசைக்கு வந்து நின்றார். "உன் உருப்பெருக்கிய நிறுத்திடலாம்மா. அதப் போட்ட ரெண்டு இடத்துல லேபிள் அடிக்கிற மென்பொருள் திறக்க மாட்டேங்குது."

நாங்கள் செய்யும் குட்டி மென்பொருள்கள் எல்லாமே கணினியில் ஒரே பொதுக் கோப்பை நம்பித்தான் ஓடுகின்றன. திரையில் எழுத்தைப் பெரிதாக்கிக் காட்ட நான் எழுதிய உருப்பெருக்கி அதைக் கெடுத்துவிட்டதாம். பார்த்தாரா? சோதித்தாரா? இளிச்சவாய் ஒருத்தி கிடைத்தால் போதும், பழியைத் தூக்கிப் போட்டுவிடலாம்.

நிறுத்த விடமாட்டேன். பார்வை மங்கிய என் அக்கா பரிசோதனைக் கூடத்தில் அறிக்கை தட்டச்சு செய்வது இதை வைத்துத்தான். அடுத்த மாதம் அங்கே புதுக் கணினிகள் வருகின்றன. பழைய உருப்பெருக்கி அவற்றில் ஓடாது; புதுப் பதிப்பு வராவிட்டால் அவளுக்குத் திரையில் ஓர் எழுத்தும் தெரியாது.

மார்ச் 4

சண்டை. வெள்ளிக்கிழமைக்குள் நிரூபி என்றார். நிரூபிக்கிறேன், பார்க்கட்டும்.

மார்ச் 5

அலுவலகக் கணினி ஒன்றில் உருப்பெருக்கி, லேபிள் மென்பொருள் இரண்டையும் முன்னும் பின்னுமாக மாற்றி மாற்றி நிறுவினேன். ஆறு முறை. ஜம்மென்று ஓடின. "இப்ப என்ன சொல்றீங்க?" என்றேன். "அவங்க கம்ப்யூட்டர்ல ஓடலியே," என்றார். குதர்க்கம்!

மார்ச் 6

புகார் சொன்ன அச்சகத்துக்கே நேரில் போனேன். அங்கே உருப்பெருக்கியும்தான் திறக்கவில்லை. பொதுக் கோப்பைப் பார்த்தால் பதிப்பு எண் 2. எங்களுக்கு வேண்டியது 5. யாரோ புதியதை அழித்துவிட்டுப் பழையதை வைத்திருக்கிறார்கள். எவன் அவன் என்று பல்லைக் கடித்தேன்.

அச்சகக்காரர், "போன வாரம் அங்குலத்த சென்டிமீட்டரா மாத்துற ஒண்ணு போட்டோம்மா. உங்க கம்பெனிதுதான்," என்றார்.

அது நான் வேலைக்குச் சேர்ந்த வருடம் எழுதியது.

அலுவலகம் திரும்பி அதன் நிறுவு நிரலைத் திறந்தேன். கணினியில் ஏற்கெனவே புதிய கோப்பு இருந்தால் அதன் மேல் பழையதை எழுதாதே என்ற சோதனை இல்லவே இல்லை. அந்த இடத்தில் நானே போட்டு வைத்த குறிப்பு: "பதிப்பு எண் பார்க்கணும். நாளைக்கு."

நாளைக்கு! ஏழு வருடம் ஆச்சுடி. நான்தானா? நானேதானா?

அக்காவிடம் போனில் கொட்டினேன். வாயைத் திறந்தால் என் வேலை போகும், மூடினால் உருப்பெருக்கி போகும். "சொல்லிடு. ஆனா எனக்காகன்னு சொல்லாத, கெஞ்சாத," என்றாள்.

மார்ச் 7

சொன்னேன். கூட்டத்தில், எல்லோர் முன்னும். தலை குனியவில்லை.

"தப்பு என்னோடது, உருப்பெருக்கியோடது இல்ல. இனிமே ஒவ்வொரு மென்பொருளும் தனக்குன்னு ஒரு ஃபைல தன் ஃபோல்டர்லயே வச்சுக்கட்டும்."

"கம்ப்யூட்டர்ல இடம் வீணாகுமே?" என்றார் மேலாளர்.

"ஆகட்டும் சார்."

மார்ச் 10

தண்டனை வந்தாயிற்று. நிரல் எழுதும் மேசையிலிருந்து புகார் கேட்கும் தொலைபேசி மேசைக்கு மாற்றம். வலிக்கிறது, பொய் சொல்வானேன். ஆனால் உருப்பெருக்கியின் புதுப் பதிப்பு வெளியாகும் என்று மேலாளரிடம் எழுதி வாங்கிக்கொண்டுதான் நாற்காலியை விட்டு எழுந்தேன்.

ஏப்ரல் 9

காலையில் பதினோராவது அழைப்பு. "வணக்கம், உங்க புகார் என்ன?"

"புதுக் கம்ப்யூட்டர்ல எழுத்து பளிச்சுனு தெரியுது. எழுதிக்கோ."

அக்கா!

"இது புகார் இல்லையேக்கா."

"அதெல்லாம் எனக்குத் தெரியாது. உங்க மேலாளர் படிக்கிற தாள்ல வரணும்."

படிவத்தில் பாராட்டுக்குக் கட்டம் இல்லை. புகார் என்ற கட்டத்திலேயே எழுதி, அவர் மேசையில் வைத்துவிட்டு வந்தேன்.